கரித்துண்டு யார் கையில்?

சுவர் இருந்தால்தான் சித்திரம் என்பது நம் முன்னோர் மொழி. உடல்நலத்தைப் பேணுமாறு அறிவுறுத்தவே பெரியோர் இதனை எடுத்தாள்வர். நமக்கோ இம்மொழியைக் கேட்கும்போதெல்லாம் உண்மையான ஒரு சுவரே நினைவுக்கு வருகிறது. அச்சுவரில் இருந்த சித்திரத்தை அழிக்கச் சொன்னவர் நாமே. ஆகவே அந்நினைவு இனிமையானதன்று.

நாம் குருப்பட்டம் பெற்றுச் சில ஆண்டுகளே ஆகியிருந்த காலம் அது. பென்னாகரம் பக்கத்து மலையடிவாரத்தில் ஒரு கிளைப்பங்கு. திருவிழாவுக்கு மூன்று நாள் இருக்கையில் அங்குள்ள சிற்றாலயத்துக்குச் சுண்ணாம்பு அடித்து முடித்திருந்தோம். மறுநாள் காலையில் சென்று பார்த்தபோது பக்கச் சுவரில் அடுப்புக்கரியால் ஒரு படம் வரையப்பட்டிருந்தது. ஒரு பேருந்து, அதன் படியருகே தலையில் மூட்டையோடு ஓர் ஆண், இடுப்பில் குழந்தையோடு ஒரு பெண், அவள் கையில் சாந்துச் சட்டி. மூவர் தலையைச் சுற்றியும் வட்டம். வரைந்தவன் நான்காம் வகுப்புச் சிறுவன் எனத் தெரிந்தது. கடிந்துகொண்டோம். அவனையே வாளியில் தண்ணீர் கொண்டுவரச் சொல்லித் துடைக்கவும் வைத்தோம். கரி கரைந்து சுவரெங்கும் படர்ந்ததால் மீண்டும் சுண்ணாம்பு அடிக்க நேர்ந்தது.

அதற்கு முந்தைய ஞாயிறன்று மறைக்கல்வி வகுப்பில், திருக்குடும்பம் இரவோடு இரவாக எகிப்துக்குப் புறப்பட்டுச் சென்ற நிகழ்ச்சியைக் கதையாகச் சொன்னவரும் நாமே. அது அப்போது நம் நினைவுக்கு எட்டவில்லை. அச்சிறுவனின் பெற்றோர் ஆண்டில் பாதி நாள் பெங்களூரில் கட்டட வேலை செய்தவர்கள். ஊரை விட்டுப் புறப்படுவது எப்படி இருக்கும் என்பது வகுப்பில் இருந்த எவரையும்விட அவனுக்குத் தெரிந்திருந்தது. நாம் சொன்ன கதையை அவன் கேட்டிருந்தான், புரிந்துகொண்டிருந்தான், தன் வாழ்வைக் கொண்டு நமக்குத் திருப்பிச் சொல்லியிருந்தான். நம் கண்ணுக்குக் கறை மட்டுமே தெரிந்தது.

ஏறத்தாழ இருபது ஆண்டுகளுக்குப்பின் ஒரு திருமண விருந்தில் இளைஞர் ஒருவர் நம் முன் வந்து கைகூப்பினார். “சாமி, என்னைத் தெரியுதுங்களா? கோயில் செவுத்துல கரியில கிறுக்குனவன்” என்று சிரித்தார். பெங்களூரில் தாமும் மேஸ்திரியாக இருப்பதாகச் சொன்னார். “இப்போதும் படம் வரைவதுண்டா, தம்பி?” என்று கேட்டோம். “இல்லீங்க சாமி, அன்னிக்கே விட்டுட்டேன்” என்றார். அவர் குரலில் குறை சொல்லும் தொனி சற்றும் இல்லை. ஆயினும் நம்மால் சிரிக்க முடியவில்லை.

அந்நாள் முதல், படமும் கதையும் குழந்தையும் சந்தித்த வரலாற்றைத் தேடிப் படிக்கலானோம். படிக்கப் படிக்க ஒரே கேள்வி மீண்டும் மீண்டும் எழுந்தது. படத்தைக் குழந்தைக்குக் காட்டுகிறோம், சரி. கரித்துண்டு யார் கையில் இருக்கிறது?

கல்லில் ஒரு கதை

தருமபுரியில் வாழ்பவர்க்கு இவ்வரலாற்றைத் தொடங்க வெளியூர் செல்ல வேண்டியதில்லை. சங்க காலத்தில் தகடூர் என வழங்கிய இந்நிலம் அதியமானும் ஔவையும் நட்புப் பூண்ட நிலம். நடுகற்கள் மிகுந்த நிலம். பர்கூரை அடுத்த மல்லப்பாடி, 2004-ஆம் ஆண்டில் கிருஷ்ணகிரி தனி மாவட்டமாகும்வரை தருமபுரி மாவட்டத்தைச் சேர்ந்ததே. அங்குள்ள பாறையில் குதிரைமேல் அமர்ந்த மனிதரை வெண்ணிறத்தில் தீட்டி வைத்திருக்கின்றனர் பழங்காலத்தவர். தருமபுரி நகரில் உள்ள தொல்லியல் துறையின் அகழ்வைப்பகத்துக்குச் சென்றால் நடுகற்களை அருகிலிருந்தே பார்க்கலாம். ஆநிரை கவர வந்தவரோடும், ஊரைத் தாக்கியவரோடும் பொருது மாண்ட வீரரின் நினைவாக நட்ட கற்கள் அவை. வில்லும் வாளும் ஏந்திய உருவம். சிலவற்றில் உடலில் தைத்த அம்புகள். தலைக்குமேல் சில வரி எழுத்து.

அண்டை மாவட்டமான திருவண்ணாமலையில், எடுத்தனூரில் கிடைத்த நடுகல் ஒன்று குழந்தைகள் மனத்தை எளிதில் கவரும். முதலாம் மகேந்திரவர்மனின் முப்பத்து நான்காம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது. அதாவது ஏழாம் நூற்றாண்டு. மாண்ட வீரனோடு அவனுடைய நாயும் அக்கல்லில் இடம்பெற்றிருக்கிறது. நாயின் பெயர் கோவிவன். இரண்டு திருடர்களைக் கடித்துக் காத்து நின்றதாக எழுத்தும் சொல்கிறது.

ஒரு பக்கம், ஒரு படம், இரண்டொரு வரி எழுத்து. நம் மண்ணில் படநூலுக்கு முன்னோர் உண்டென்றால் அவை இக்கற்களே எனலாம். எழுத்தறியாத சிறுவனும் நாயைக் கண்டவுடன் அதன் கதை என்னவென்று கேட்பான். பெரியவர் ஒருவர் சொல்வார். ஆயினும் உளி சிற்பியின் கையில் இருந்தது. சிறுவன் பார்ப்பவன் மட்டுமே. அதே ஊரில் தாய் வாசலில் கோலமிடுகையில் சிறுமி ஓர் ஓரத்தில் தன் கோணல் கோலத்தைப் போட்டிருப்பாள். அதை யாரும் தடுத்திருக்கமாட்டார்கள். மறுநாள் பெருக்கும்போது அது மறைந்திருக்கும். குழந்தையின் கை வரைந்ததற்கு வரலாற்றில் தடயம் அரிது.

சுவரில் ஒரு நூல்

திருச்சபையின் வரலாற்றுக்கு வருவோம். கி.பி. 600-ஐ ஒட்டிய காலத்தில் மார்செய் நகரின் ஆயராக இருந்த செரேனுஸ், மக்கள் படங்களையே வணங்கத் தொடங்கிவிடுவர் என்று அஞ்சி, தம் ஆலயங்களில் இருந்த படங்களை உடைத்துப் போட்டார். செய்தி அறிந்த திருத்தந்தை புனித பெரிய கிரகோரியார் அவருக்கு மடல் எழுதினார். படங்களை வணங்காதவாறு மக்களைத் தடுத்தது முறையே, உடைத்தது முறையன்று. எழுத்தறிந்தவர் நூலில் கற்பதை எழுத்தறியாதவர் சுவரில் பார்த்துக் கற்கின்றனர். இதுவே அம்மடலின் சாரம். படங்களுக்கு ஆதரவாகத் திருச்சபை பிற்காலத்தில் பேசிய பலவற்றுக்கும் இக்கருத்து அடித்தளமாயிற்று. நம் ஊர்களில் ஓரெழுத்தும் அறியாத பாட்டிமார் பதினான்கு சிலுவைப்பாதைப் படங்களின் முன் நடந்தே பாடுகளின் வரலாற்றை முழுமையாக அறிந்திருந்தனர் அன்றோ!

இம்மடலைக் குருமடத்தில் திருச்சபை வரலாற்று வகுப்பில் படித்துத் தேர்வும் எழுதியவர் நாம். சுவரில் இருந்த படத்தை அழித்த ஆயரின் பிழையைப் பற்றி நன்றாகவே விடை எழுதியிருந்தோம்.

கிரகோரியாரின் கருத்தில் ஓர் எல்லையும் உண்டு. அவர் காலத்துச் சுவர்ப் படம் கற்பிப்பவர் தருவது, மக்கள் பெறுவது. பெறுபவரின் கையும் வரையலாம் என்ற எண்ணம் எழ மேலும் ஆயிரம் ஆண்டுகள் சென்றன.

அச்சில் ஒரு படம்

குழந்தைகளுக்கென்றே அச்சிட்ட படநூல்களில் முன்னோடி என்று அறிஞர் போற்றுவது கொமேனியுஸ் 1658-இல் நூரம்பர்க் நகரில் வெளியிட்ட நூல். மொராவிய சகோதரர் சபையின் ஆயரான அவர், போரினால் நாடிழந்து அகதியாய் அலைந்தவர். காணும் உலகைப் படங்களாகக் காட்டி, படத்தில் உள்ள பொருள்களுக்கு எண்ணிட்டு, அவற்றின் பெயர்களை இலத்தீனிலும் ஜெர்மானியத்திலும் கற்பித்தது அந்நூல். அதன் முன்னுரையில் ஒரு குறிப்பு உண்டு. குழந்தைகள் விரும்பினால் இப்படங்களைத் தம் கையால் வரைந்து பார்க்க விடுங்கள். விருப்பம் இல்லையெனில் விருப்பத்தை ஊட்டுங்கள் என்ற பொருள்பட எழுதுகிறார். படநூலின் தொடக்கத்திலேயே குழந்தையின் கை நினைக்கப்பட்டிருந்தது. பின்வந்தோர் பலர் அந்நூலின் படங்களைப் பார்த்தனர், முன்னுரையை மறந்தனர்.

தமிழில் நிலைமை எவ்வாறு இருந்தது? கதைக்கு இங்கே பஞ்சமில்லை. வீரமாமுனிவர் எழுதிய பரமார்த்த குருவின் கதையை எண்ணிப் பாருங்கள். குருவையும் அவருடைய மூடச் சீடர் ஐவரையும் அறியாத தமிழ்க் குழந்தை ஒருகாலத்தில் இல்லை. ஒரு குருவே குருவைக் கேலி செய்து எழுதிய இக்கதை 1822-இல் பாபிங்டன் என்பாரின் ஆங்கில மொழிபெயர்ப்போடு இலண்டனில் அச்சேறியது. 1861-இல் ஆல்பிரட் குரோகுவில் என்ற ஓவியரின் நகைச்சுவைப் படங்கள் நிறைந்த ஆங்கிலப் பதிப்பும் அங்கே வெளிவந்தது. தமிழ் மண்ணில் பிறந்த கதை படநூலாக முதலில் இலண்டன் சிறுவரின் மடியில் அமர்ந்தது எனலாம்.

நம் சிறுவரின் மடிக்குப் படம் பெருமளவில் வந்து சேர்ந்தது 1947 ஜூலையில் நாகிரெட்டியும் சக்கரபாணியும் சென்னையிலிருந்து அம்புலிமாமாவைத் தொடங்கியபோதுதான். தெலுங்கிலும் தமிழிலும் தொடங்கிய அம்மாத இதழ் பின்னர்ப் பல மொழிகளில் பரவியது. 1924-இல் தாராபுரம் பக்கத்துச் சிற்றூரில் பிறந்து, சென்னை ஓவியக் கல்லூரியில் பயின்ற சங்கர், அதில் அறுபது ஆண்டுக் காலம் வரைந்தார். தோளில் வேதாளத்தைச் சுமந்து, கையில் வாளோடு நடக்கும் விக்கிரமன் என்றதும் நம் தலைமுறையின் கண்முன் தோன்றுவது அவர் வரைந்த உருவமே. 2020-இல் அவர் மறைந்தார். மறு ஆண்டு அவருக்குப் பத்மஸ்ரீ விருது அறிவிக்கப்பட்டது. அம்புலிமாமா இப்போது வெளிவருவதில்லை. எத்தனையோ வீடுகளின் பரணில் அட்டை கிழிந்த பழைய இதழ்கள் மட்டும் உள்ளன.

வரைவதைப் பற்றிய நூல்கள்

இதுவரை சொன்னவை கதைக்குப் படம் சேர்த்த வரலாறு. இருபதாம் நூற்றாண்டில் மற்றொரு வகை நூல் தோன்றியது. வரைவதையே கதையாகக் கொண்ட நூல்கள் அவை.

1943-இல் பிரெஞ்சு எழுத்தாளர் செந்த்-எக்சுபெரி தாமே படமும் வரைந்து வெளியிட்ட குட்டி இளவரசன் அவற்றுள் ஒன்று. க்ரியா பதிப்பகம் 1981-இல் தமிழில் வெளியிட்டது. கதை சொல்பவர் ஆறு வயதில், யானையை விழுங்கிய மலைப்பாம்பை வரைந்து பெரியவர்களிடம் காட்டுகிறார். அவர்களோ அதைத் தொப்பி என்கின்றனர். படம் வரைவதை விட்டுவிட்டுப் பூகோளமும் கணக்கும் படிக்கச் சொல்கின்றனர். அவரும் விட்டுவிடுகிறார். ஆண்டுகள் கழித்துப் பாலைவனத்தில் அகப்பட்டுக்கொண்டபோது ஒரு சிறுவன் வந்து ஓர் ஆடு வரைந்து தருமாறு கேட்கிறான். எந்த ஆடும் அவனுக்குப் பிடிக்கவில்லை. கடைசியில் ஒரு பெட்டியை வரைந்து, ஆடு உள்ளே இருக்கிறது என்கிறார். சிறுவன் மகிழ்கிறான். இப்பகுதியைப் படித்தபோது அத்திருமண விருந்துதான் நம் கண்முன் நின்றது. யானையைத் தொப்பி என்ற பெரியவர்களின் வரிசையில் நமக்கும் ஓர் இருக்கை உண்டு.

1955-இல் அமெரிக்கரான கிராக்கெட் ஜான்சன் வெளியிட்ட சிறு படநூலில் ஹெரால்டு என்ற குழந்தையின் கையில் ஊதாநிற வண்ணக்கட்டி ஒன்று இருக்கிறது. நிலவொளியில் உலாவ அவனுக்கு ஆசை, நிலவு இல்லை. ஆகவே நிலவை வரைகிறான். நடக்கப் பாதையை வரைகிறான். வழி தவறியபோது, தன் வீட்டுச் சன்னல் எப்போதும் நிலவைச் சுற்றியே இருக்கும் என நினைவு வர, நிலவைச் சுற்றிச் சன்னலை வரைந்து வீடு சேர்கிறான். அக்குழந்தைக்கு வண்ணக்கட்டி உலகைக் காட்டுவதோடு நிற்கவில்லை. வீட்டுக்கு வழியும் காட்டுகிறது.

ஜப்பானில் 1981-இல் வெளிவந்து தமிழிலும் நன்கு அறியப்பட்ட நூல் தெத்சுகோ குரோயாநாகியின் டோட்டோ-சான். கொடிப் படம் வரைந்த சிறுமி, அதன் ஓரக் குஞ்சத்தைத் தாளில் இடமின்றி மேசைமீதும் வரைந்துவிடுகிறாள். அவள்மீது அப்பள்ளி கூறிய குறைகளில் அதுவும் ஒன்று. அங்கிருந்து நீக்கப்பட்டவள் டோமோயி என்ற பள்ளிக்கு வருகிறாள். அங்கே தலைமையாசிரியர் கோபயாஷி, மண்டபத் தரை முழுவதிலும் சுண்ணக்கட்டியால் இசைக்குறிகளை எழுத விடுகிறார். எழுதி முடித்தபின் குழந்தைகளே தரையைத் தேய்த்துக் கழுவ வேண்டும். கழுவும் சிரமத்தை அறிந்ததால் வேறெங்கும் அவர்கள் கிறுக்கியதில்லை. மேலும், மனம்போல் எழுத அவர்களுக்குத்தான் ஒரு தரை இருந்ததே! நாமும் சிறுவனைச் சுவரைக் கழுவச் செய்தோம். ஆனால் அதற்கு முன்னர் அவனுக்கென்று ஓர் இடத்தை நாம் கொடுத்திருக்கவில்லை.

நம் நாட்டிலும் இத்தகைய நூல்கள் உண்டு. சென்னையில் 1994-இல் கீதா வுல்ஃப் தொடங்கிய தாரா புக்ஸ் வெளியிட்டவற்றில் இரண்டைக் குறிப்பிடுவோம். பீகாரின் ராந்தி கிராமத்தில் மீனவ சமூகத்தில் பிறந்த துலாரி தேவி, ஓவியர் வீடுகளில் பாத்திரம் கழுவி வீட்டு வேலை செய்தவர். அங்கே பார்த்துப் பார்த்து மிதிலை ஓவியம் கற்றார். அந்த வாழ்க்கையை அவரே சொல்ல, அவர் வரைந்த படங்களோடு அது சிறுவர் நூலாயிற்று. 2021-இல் அவருக்குப் பத்மஸ்ரீ விருது கிடைத்தது. மற்றொன்று 2004-இல் வெளிவந்தது. மத்தியப் பிரதேசத்துக் கோண்டு பழங்குடி ஓவியர் பஜ்ஜு ஷியாம் இலண்டன் சென்று வந்த கதை. அவர் கண்ணில் வானூர்தி சிறகு முளைத்த யானை, மணிக்கூண்டு சேவல், சுரங்க இரயில் மண்புழு. ஒரு காலத்தில் பரமார்த்த குருவை இலண்டன் வரைந்தது. இப்போது நம் நாட்டவர் இலண்டனை வரைகிறார்.

நம் மாவட்டத்தில்

தருமபுரி, கல்வியில் பின்தங்கிய மாவட்டம் என நெடுங்காலம் பெயர் பெற்றிருந்தது. அதனால்தான் 1994-இல் மாவட்டத் தொடக்கக் கல்வித் திட்டம் தமிழகத்தில் தொடங்கியபோது முதற்கட்ட மாவட்டங்களுள் தருமபுரியும் சேர்க்கப்பட்டது. 2007-ஐ அடுத்துச் செயல்வழிக் கற்றல் மாநிலமெங்கும் அரசுத் தொடக்கப் பள்ளிகளுக்கு வந்தபோது, குழந்தையின் கைக்கு எட்டும் உயரத்தில் வகுப்பறைச் சுவரைச் சுற்றிலும் கரும்பலகை அமைத்தனர். சிறியதொரு மாற்றமே. ஆயினும் ஆசிரியரின் உயரத்தில் இருந்த பலகை முதன்முறையாகக் குழந்தையின் உயரத்துக்கு இறங்கியது. கடவுள் மனிதரின் உயரத்துக்கு இறங்கி வந்ததை நம்பும் நமக்கு இச்செயலின் பொருள் எளிதில் விளங்க வேண்டும்.

படநூல்களும் இப்போது நம் கைக்கு எட்டுகின்றன. தூரிகை என்று பொருள்படும் பெயர் கொண்ட தூலிகா பதிப்பகம் 1996 முதல் தமிழ் உள்ளிட்ட பல மொழிகளில் குழந்தைகளுக்குப் படநூல் தருகிறது. தமிழக அரசின் பள்ளிக் கல்வித் துறை 2023-இல் தொடங்கிய வாசிப்பு இயக்கம், நுழை, நட, ஓடு, பற என நான்கு படிநிலைகளில் படங்களோடு கூடிய சிறு நூல்களை அரசுப் பள்ளிகளுக்கு அளித்தது. அப்பெயர்களே நம்மை மகிழ்விக்கின்றன.

நம் பங்குகளிலும் மறைக்கல்வி வகுப்புகளிலும் என்ன செய்கிறோம்? பெரும்பாலும், அச்சிட்ட படத்தில் கோட்டைத் தாண்டாமல் வண்ணம் தீட்டச் சொல்கிறோம். ஆடு வெள்ளை, புல் பச்சை, இயேசுவின் மேலங்கி சிவப்பு. பரிசும் கோட்டைத் தாண்டாத குழந்தைக்கே. இதனால் கை பழகலாம். ஆனால் குழந்தை கதையைத் தனதாக்கிக் கொண்டதா என்பது தெரியாது. சுவர் சுத்தமாக இருக்க வேண்டாமா என்று ஆலயப் பொறுப்பாளர்கள் கேட்பதும் நியாயமே. திருவிழாச் சுண்ணாம்புக்குப் பணம் கொடுத்தவர்கள் அவர்கள். சுவரெல்லாம் கிறுக்கட்டும் என்று நாமும் சொல்லவில்லை. ஒரு சுவர் போதும்.

நாம் இப்போது பணிபுரியும் பங்கில் மறைக்கல்வி அறையின் ஒரு சுவருக்கு இடுப்பளவு உயரம்வரை கறுப்பு வண்ணம் பூசியிருக்கிறோம். நற்செய்திக் கதையைச் சொல்லி முடித்தபின் சுண்ணக்கட்டியைக் கொடுத்துவிட்டு நாம் பின்னால் அமர்ந்துகொள்கிறோம். இப்படித்தான் வரைய வேண்டும் என்று சொல்வதில்லை. வரைந்தபின், இது என்ன என்று மட்டும் கேட்கிறோம். நல்ல சமாரியர் ஆட்டோவில் வருகிறார். காணாமற்போன ஆடு ஒகேனக்கல் பரிசலில் கிடைக்கிறது. வலப்பக்கம் வீசிய வலையில் அகப்பட்டவை மீன்களா பள்ளிப் பிள்ளைகளா என்பதைக் கேட்டுத்தான் அறிய வேண்டியிருக்கிறது. கேட்டால் சொல்கிறார்கள். நாம் சொன்னதைவிட நீளமாகவே சொல்கிறார்கள்.

1999 ஏப்ரல் 4, உயிர்ப்புப் பெருவிழா அன்று திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பர் கலைஞர்களுக்கு எழுதிய மடலில், படைக்கும் மனிதரிடம் படைத்தவரின் சாயல் விளங்குவதை எடுத்துரைத்தார். அச்சாயல் பெரிய ஓவியர்களுக்கு மட்டும் உரியதன்று; அடுப்படியில் கரி எடுத்து ஓடும் சிறுவனுக்கும் உரியது. புதுநன்மை வாங்கும் பிள்ளைக்குப் பரிசளிக்க எண்ணும் பெற்றோர்க்கு நாம் வைக்கும் வேண்டுகோள் ஒன்றே. நல்ல படநூல் ஒன்றும், கோடிடாத வெற்று நோட்டு ஒன்றும் வாங்கிக் கொடுங்கள். முதலாவதை உடன் அமர்ந்து வாசியுங்கள். இரண்டாவதைத் திருத்தாதீர்கள்.

யோவான் நற்செய்தியின் எட்டாம் அதிகாரத்தில், குற்றம் சாட்ட வந்தோரின் நடுவே ஆண்டவர் குனிந்து விரலால் தரையில் எழுதுகிறார். என்ன எழுதினார் என்று நற்செய்தியாளர் சொல்லவில்லை. எழுத்தா, படமா, நாம் அறியோம். மண்ணில் விரலால் எழுதும் பிள்ளைகளைப் பார்க்கும்போது இப்பகுதி நம் மனத்தில் எழுகிறது. அவர்கள் முடிக்கும்வரை காத்திருக்கக் கற்றுக்கொண்டோம்.

அத்திருமண விருந்தில், விடைபெறுமுன் அந்த இளைஞரின் கையைப் பற்றி, “அன்று நாம் செய்தது தவறு தம்பி, மன்னித்துக்கொள்ளுங்கள்” என்றோம். அவர் பதறிப்போனார். “என்னங்க சாமி, பெரிய வார்த்தையெல்லாம்” என்று கூச்சத்தோடு நகர்ந்தார். பின்னர்த் திரும்பி வந்து, தாழ்ந்த குரலில் கேட்டார்: “அந்தப் படம் உங்களுக்கு ஞாபகம் இருக்குதுங்களா சாமி?”

ஒவ்வொரு கோடும் நினைவிருக்கிறது என்று சொன்னோம். அவர் முகம் மலர்ந்தது.